நீதி சொல்லும் முதல் வாசிப்பு நூல்கள்: 18 நூல்கள் கொண்ட ஒரு தொகுப்பின் மதிப்புரை

எழுத்துக் கூட்டிப் படிக்கத் தொடங்கியிருக்கும் ஐந்து முதல் ஏழு வயது வரையிலான குழந்தைகளுக்கு வாசிப்பையும் நற்பண்பையும் ஒருசேரக் கற்பிப்பதாக அறிவித்துக்கொண்டு வெளிவந்துள்ள ஒரு நூல் தொகுப்பைப் பற்றியது இந்த மதிப்புரை. மூன்று நிலைகள், நிலைக்கு ஆறு நூல்கள் என மொத்தம் 18 நூல்கள். ஒவ்வொன்றும் 16 பக்கம். பெற்றோருக்கும் ஆசிரியருக்குமாக ஒரு தனிக் கையேடு. ஒவ்வொரு நூலின் பின்னட்டையிலும் அந்நூல் கற்பிக்கும் பண்பின் பெயர் (பகிர்தல், வாய்மை, பொறுமை, உதவி என்பன போல) அச்சிடப்பட்டிருக்கிறது. கடைசிப் பக்கத்தில் கட்டம் போட்டு ‘நீதி’ என்ற தலைப்பில் ஒரு வரி இடம்பெற்றிருக்கிறது.

இந்த வகை நூல்கள் இரண்டு வேலைகளை ஒரே நேரத்தில் செய்ய முற்படுகின்றன. ஒன்று, குழந்தை தானாகப் படிக்கும்படி எழுத்தையும் சொல்லையும் அளந்து கொடுப்பது. மற்றொன்று, படித்ததன் வழியே நடத்தையில் ஒரு நல்ல மாற்றத்துக்கு வித்திடுவது. முதல் வேலையை இத்தொகுப்பு பெரும்பாலும் திறம்படச் செய்திருக்கிறது. இரண்டாவது வேலையில், கதையை நம்பிய இடங்களில் வென்றும், கடைசிப் பக்கக் கட்டத்தை நம்பிய இடங்களில் தோற்றும் இருக்கிறது. பல குழந்தைகளோடு அமர்ந்து இந்நூல்களைப் படித்த பிறகு எனக்கு உறுதிப்பட்ட கருத்து இதுதான். கீழே வருவன அனைத்தும் அதற்கான காரணங்களே.

முதல் நிலை நூல்களின் எழுத்துத் திட்டம் பாராட்டுக்குரியது. உயிரெழுத்துகள், மெய்யெழுத்துகள், அகர ஆகார உயிர்மெய்கள் ஆகியவற்றோடு மட்டும் நின்றுகொண்டு ஒரு முழுக் கதையைச் சொல்லிவிடுவது எளிதன்று. “அக்கா வந்தாள். பழம் தந்தாள். அண்ணன் பார்த்தான்.” என்ற தொடக்கத்தில் கொம்பு இல்லை, சுழி இல்லை, குழந்தைக்குத் தெரிந்த எழுத்துகளுக்கும் துணைக்காலுக்கும் அப்பால் எதுவுமே இல்லை. தமிழில் எழுத்துகள் 247 என்றாலும் அவற்றின் வரிவடிவங்கள் ஒழுங்கான முறையில் கிளைப்பவை என்பதால், இப்படிப் படிப்படியாகத் திறந்துவிடும் நூல்கள் குழந்தைக்குப் பெரிய துணை. எகர ஏகாரக் கொம்புகளை, அதாவது எழுதும்போது மெய்க்கு முன்னே வந்து ஒலிக்கும்போது பின்னே போகும் குறிகளை, இரண்டாம் நிலைக்குத் தள்ளிவைத்திருப்பதும் அனுபவம் உள்ளவர்கள் எடுத்த முடிவாகத் தெரிகிறது.

ஆனால் அதே நூலின் கடைசிப் பக்கத்தைப் பாருங்கள். “பகிர்ந்து வாழ்பவரே பேரின்பம் பெறுவர்” என்று கட்டத்துக்குள் இருக்கிறது. அதற்கு முந்தைய பக்கங்கள் முழுவதிலும் இல்லாத கி, து, ரே, பே, ரி, பெ, று ஆகிய அத்தனையும் இந்த ஒரு வரியில் வந்து குவிகின்றன. அதுவரை விரல் வைத்துத் தானாகப் படித்துவந்த பிள்ளை இந்த இடத்தில் நின்றுவிடுகிறது. பக்கத்தில் இருக்கும் பெரியவர் படித்துக் காட்ட வேண்டியதாகிறது. படித்துக் காட்டினாலும் ‘பேரின்பம்’ என்பது என்னவென்று ஐந்து வயதுக் குழந்தைக்கு விளங்குமா? பகிர்ந்ததால் அண்ணன் முகம் மலர்ந்ததைப் படத்தில் பார்த்துப் புன்னகைத்த குழந்தை, அந்தப் புன்னகையோடு புத்தகத்தை மூடியிருக்கலாம். நூலின் சாரம் என்று தயாரித்தவர்கள் எதைக் கருதுகிறார்களோ, அதுவே குழந்தையால் படிக்க முடியாத ஒரே வரியாக அமைந்திருக்கிறது. ஆறு நூல்களிலும் இதே நிலைதான்.

கையேட்டின் முன்னுரை, இந்தக் கட்டங்கள் ஆத்திசூடி மரபைத் தொடர்வன என்று கூறுகிறது. அந்த ஒப்பீடு பொருந்தவில்லை. ஔவையாரின் ஆத்திசூடி 109 அடிகளைக் கொண்டது. எழுத்து வரிசையில் அமைந்தது. ஒவ்வோர் அடியும் இரண்டு மூன்று சொற்களில் முடிந்துவிடுவது. குழந்தை அதைக் கண்ணால் படிப்பதற்கு முன்பே காதால் கேட்டு வாயால் சொல்லிப் பழகுகிறது. பொருள் பின்னால், வயது ஏற ஏற, அடியடியாக வந்து சேர்கிறது. மனப்பாடத்துக்கு வேண்டிய ஓசையும் சுருக்கமும் அதில் இருக்கின்றன. இக்கட்டங்களில் உள்ள வரிகளுக்கோ ஓசையும் இல்லை, சுருக்கமும் இல்லை. ஒருமுறை படித்துவிட்டு மறந்துபோகக்கூடிய உரைநடை அறிவிப்புகள் அவை. மரபைத் தொடர விரும்பியிருந்தால் குழந்தை சொல்லிச் சொல்லி மகிழும்படி இரண்டு சொற்களில் ஓர் அடியை எழுதியிருக்க வேண்டும்.

இத்தொகுப்பை வாங்கலாம் என்று நான் சொல்வதற்குக் காரணம் இரண்டாம் நிலை நூல்கள்தான், அவற்றிலும் குறிப்பாக வாய்மையைப் பற்றிய நூல். கயல் என்ற சிறுமி பந்து விளையாடும்போது பக்கத்து வீட்டுப் பூந்தொட்டியை உடைத்துவிடுகிறாள். யாரும் பார்க்கவில்லை. இந்த இடத்தில் மிகச் சாதாரணமான ஒரு நூல் உடனே அவளைப் பொய் சொல்ல வைத்து, மாட்டிவிட்டு, தண்டித்து முடித்திருக்கும். இந்நூல் மூன்று பக்கங்களுக்கு அவளைப் பக்கத்து வீட்டுக் கதவின் முன்னே நிறுத்தி வைக்கிறது. “கயல் கையை உயர்த்தினாள். கையை இறக்கினாள். மறுபடி உயர்த்தினாள்.” என்ற மூன்று வரிகளும் அடுத்தடுத்த பக்கங்களில், பெரிய வெள்ளை வெளியின் நடுவே, ஒவ்வொன்றாக வருகின்றன. தொடக்க வாசிப்புக்கு மிகத் தேவையான சொல் மீள்வருகையும் ஒரு குழந்தையின் மனத் தடுமாற்றமும் ஒரே இடத்தில் பொருந்தியிருப்பதை வேறெந்தத் தொடக்க நூலிலும் இவ்வளவு அழகாக நான் கண்டதில்லை. படிக்கிற பிள்ளையும் அந்தப் பக்கங்களில் தன்னையறியாமல் மெதுவாகிறது.

கதவு திறக்கிறது; கயல் சொல்லிவிடுகிறாள். பக்கத்து வீட்டுப் பாட்டி, “நீயே வந்து சொன்னாய். எனக்கு அது போதும். வா, மண்ணை அள்ளலாம்” என்கிறார். இருவரும் செடியை வேறொரு தொட்டியில் நடுகிறார்கள். கதை அவ்வளவே. என்னோடு இதைப் படித்த ஒரு சிறுவன் கேட்ட முதல் கேள்வி, “செடி செத்துப் போயிடுமா?” என்பது. பெரியவர்கள் எதிர்பார்க்கும் கேள்வி அதுவன்று. ஆனால் தவறு ஒன்று நடந்தபின் அதைச் சரிசெய்ய என்ன வழி என்பதில் அவன் மனம் நின்றிருக்கிறது. வாய்மையைப் பற்றிய பேச்சை அங்கிருந்தே தொடங்க முடிந்தது.

கதையின் இந்த அமைப்பு சரியானது என்பதற்கு ஆய்வுச் சான்றும் உண்டு. காங் லீ என்னும் உளவியலாளரும் அவருடைய குழுவினரும் 2014-இல் வெளியிட்ட ஆய்வில், மூன்று முதல் ஏழு வயது வரையிலான குழந்தைகளிடம், ஒளித்துவைத்த பொம்மையை எட்டிப் பார்க்கக் கூடாது என்று சொல்லிவிட்டு அறையை விட்டு வெளியேறினர். திரும்பி வந்து, ஒவ்வொருவருக்கும் ஒரு கதையைப் படித்துக் காட்டினர். பிறகு, எட்டிப் பார்த்தாயா என்று கேட்டனர். புலி வருகிறது என்று பொய் சொன்ன சிறுவனின் கதையைப் போன்று, அங்கே ஓநாயை வைத்துச் சொல்லப்படும் கதையும், பொய் சொன்னால் மூக்கு நீளும் மரப்பொம்மையின் கதையும் குழந்தைகளை உண்மை சொல்லத் தூண்டவில்லை. செரி மரத்தை வெட்டிவிட்டுத் தந்தையிடம் உண்மையை ஒப்புக்கொண்டு பாராட்டுப் பெற்ற சிறுவனின் கதையே உண்மை சொல்வோரின் அளவைக் கூட்டியது. அதே கதையை, சிறுவன் பொய் சொல்லித் தீய விளைவைச் சந்திப்பதாக மாற்றிப் படித்தபோது அந்தப் பயன் இல்லாமல் போயிற்று. பொய்க்குக் கிடைக்கும் தண்டனையைக் காட்டுவதைவிட, உண்மைக்குக் கிடைக்கும் வரவேற்பைக் காட்டுவது அந்த வயதில் வேலை செய்கிறது என்று இதிலிருந்து கொள்ளலாம்.

கயலின் கதை இதைத்தான் செய்கிறது. அப்படியிருக்க, அதே நூலின் கடைசிக் கட்டத்தில் “பொய் சொன்னால் தண்டனை கிடைக்கும்” என்று அச்சிட்டிருப்பது மிகவும் வருந்தத்தக்கது. கதையில் யாரும் பொய் சொல்லவில்லை. யாருக்கும் தண்டனையும் கிடைக்கவில்லை. கதையை எழுதியவரும் கட்டத்தை எழுதியவரும் வேறுவேறு ஆட்களாக இருக்கக்கூடும் என்று ஐயுற இடமிருக்கிறது. இவ்வளவு நுட்பமாக எழுதப்பட்ட ஒரு கதையின் மேல் இப்படியோர் அச்சுறுத்தலை ஒட்டவைத்தவர்கள் மறுபதிப்பில் அதை நீக்கியே ஆக வேண்டும். இப்போது வாங்குபவர்கள், கதை முடிந்த பக்கத்தோடு நிறுத்திக்கொள்வது நல்லது.

இந்த நிலையில் பேச்சுத் தமிழுக்கும் எழுத்துத் தமிழுக்கும் இடையிலான தூரத்தைக் கையாண்டிருக்கும் விதமும் குறிப்பிடத்தக்கது. பிள்ளை பேசும் மொழி ஒன்று, படிக்கும் மொழி மற்றொன்று என்பதால், உரையாடல் வரும் பக்கங்களில் கதாபாத்திரம் அந்நியமாகிவிடும் ஆபத்து எப்போதும் உண்டு. இந்நூல்களின் உரையாடல்களில் ‘வா’, ‘போ’, ‘இரு’, ‘பார்’ போன்ற, இரண்டு வழக்கிலும் ஏறத்தாழ ஒன்றாகவே இருக்கும் சொற்கள் தேர்ந்தெடுக்கப்பட்டிருக்கின்றன. குழந்தை அவற்றைப் படிக்கும்போது பேசுவதைப் போலவே குரல் ஏறி இறங்குகிறது.

விலங்குக் கதைகளைப் பற்றித் தனியே சொல்ல வேண்டும். தொகுப்பில் ஏறத்தாழ பாதி நூல்களில் முயல், கரடி, எறும்பு ஆகியவையே மாந்தர்கள். பகிர்தலைக் கற்பிக்கும் இரண்டாம் நிலை நூலில் ஒரு முயல் தன் வண்ணக் குச்சிகளை யாருக்கும் தராமல் தனித்துப்போய், பிறகு மனம் மாறுகிறது. படங்கள் கண்ணைப் பறிக்கின்றன. குழந்தைகள் இதைத் திரும்பத் திரும்ப எடுத்து வருகிறார்கள். ஆனால் அந்த முயல் செய்ததற்கும் தாங்கள் செய்ய வேண்டியதற்கும் தொடர்பு இருப்பதாக அவர்கள் நினைத்ததாகத் தெரியவில்லை. டொரண்டோவில் நிக்கோல் லார்சன், காங் லீ, பாட்ரீசியா கனேயா ஆகியோர் நான்கு முதல் ஆறு வயதுக் குழந்தைகளிடம் நடத்தி 2017-இல் வெளியிட்ட ஆய்விலும், மனிதக் குழந்தைகள் இடம்பெற்ற பகிர்தல் கதையைக் கேட்டவர்கள் தங்கள் ஸ்டிக்கர்களை மற்றவர்களுக்கு அதிகமாகக் கொடுத்தார்கள். அதே கதையை உடை உடுத்திய விலங்குகளோடு கேட்டவர்களிடம் அந்த வளர்ச்சி ஏற்படவில்லை. ஓர் ஆய்வை வைத்து விலங்குக் கதைகளையே ஒதுக்கிவிட முடியாது. நம் மொழியின் கதைச் செல்வத்தில் பெரும்பங்கு நரிக்கும் காக்கைக்கும் ஆமைக்கும் உரியது, அவற்றைக் கேட்டு வளர்வது தனி இன்பம். ஆயினும், பின்னட்டையில் ‘பகிர்தல்’ என்று அச்சிட்டு, அதைக் கற்பிப்பதற்காகவே ஒரு நூலை உருவாக்கும்போது, குழந்தை தன்னை வைத்துப் பார்க்கக்கூடிய ஒரு மனித முகத்தைத் தராமல் விட்டது பெரிய குறையே.

உதவியைப் பற்றிய நூலில் இருக்கும் சிக்கல் வேறு வகையானது. அண்ணன் பாத்திரங்களைச் சுமந்து வரும்போது கைநழுவி நான்கு தட்டுகள் உடைகின்றன. தங்கை கோபத்தில் ஒரு கிண்ணத்தைத் தூக்கி எறிகிறாள். அண்ணன் நல்லவன் என்பதே கதையின் கருத்து. படித்த குழந்தைகளில் சிலர், நான்கை உடைத்த அண்ணன்தான் கெட்டவன் என்று உறுதியாகச் சொன்னார்கள். இது அந்த வயதின் இயல்பு. குழந்தை உளவியலாளர் ழான் பியாஜே 1932-இல் வெளியிட்ட ஆய்வில், தெரியாமல் 15 கோப்பைகளை உடைத்த சிறுவனையும், அம்மா இல்லாதபோது அலமாரியிலிருந்து ஜாம் எடுக்க நாற்காலியில் ஏறி ஒரு கோப்பையை உடைத்த சிறுவனையும் ஒப்பிடச் சொன்னபோது, சிறு குழந்தைகள் பலர் சேதத்தின் அளவை வைத்தே தீர்ப்பளித்ததை விளக்கியிருக்கிறார். நோக்கத்தைத் தெளிவாக எடுத்துச் சொன்னால் இன்னும் சிறிய குழந்தைகளும் அதைக் கணக்கில் கொள்கிறார்கள் என்று பின்வந்தவர்கள் காட்டியிருக்கிறார்கள். இந்நூலில் விடுபட்டிருப்பது அந்தத் தெளிவே. அம்மா களைத்து அமர்ந்திருப்பதை அண்ணன் பார்ப்பதாக ஒரு பக்கமும், “நான் எடுத்து வைக்கிறேன்” என்று ஒரு வரியும் முன்னால் இருந்திருந்தால் கதை முழுவதும் எழுந்து நின்றிருக்கும். 16 பக்கத்தில் அதற்கு இடம் இல்லாமல் போகவில்லை. எறும்புகள் ஊர்ந்து செல்லும் படம் மட்டுமே இருக்கும் இரண்டு பக்கங்கள் கதைக்கு எதையும் சேர்க்காமல் நிற்கின்றன.

ஓவியங்களும் நீதி சொல்கின்றன என்பதைத் தயாரிப்பாளர்கள் எண்ணிப் பார்க்கவில்லை. திருடும் சிறுவன், சண்டை போடும் சிறுமி, பொறாமைப்படும் தோழி என மூன்று நூல்களில் தவறு செய்கிறவர்கள் அனைவரும் கிழிந்த ஆடையும் கலைந்த தலையும் மற்றவர்களைவிடக் கருத்த நிறமுமாக வரையப்பட்டிருக்கிறார்கள். நல்லவர்களின் உடையில் ஒரு கசங்கலும் இல்லை. எழுத்தைக் கூட்டிப் படிக்கத் திணறும் குழந்தை படத்தைத் திணறாமல் படித்துவிடும். நேர்மை என்ற பண்பைக் கற்பிக்க வந்த ஒரு நூல், வறுமையையும் நிறத்தையும் குற்றத்தோடு சேர்த்துக் கட்டிவிடுமானால், அந்நூலைப் பிள்ளையின் கையில் கொடுக்காமலிருப்பதே மேல். இந்த மூன்று நூல்களையும் நான் யாருக்கும் பரிந்துரைக்க மாட்டேன். இதில் எனக்குச் சிறிதும் தயக்கமில்லை.

மூன்றாம் நிலையைப் பற்றி நிறையச் சொல்வதற்கில்லை. பக்கத்துக்கு ஆறேழு வரிகள், ஒற்று மிகும் சொற்கள், ல ள ழ வேறுபாட்டுக்கு நல்ல பயிற்சி என வாசிப்பு நோக்கில் குறை இல்லை. ஊஞ்சலுக்காக வரிசையில் காத்திருக்கும் பிள்ளைகளைப் பற்றிய பொறுமை நூல் ஒன்று மட்டும் மனத்தில் நிற்கிறது. “இன்னும் ஒருவர்தான்” என்ற வரி மீண்டும் மீண்டும் வந்து, அடுத்த முறை குழந்தையே அதை முந்திச் சொல்லிவிடுகிறது. மற்ற ஐந்தும் பெரியவர்களின் அறிவுரைகளை உரையாடலாக்கியவை.

கையேட்டில் ஒவ்வொரு நூலுக்கும் கேள்விகள் தரப்பட்டுள்ளன. பெரும்பாலானவை “இக்கதையிலிருந்து நீ கற்றுக்கொண்டது என்ன?” என்ற ஒரே வாய்பாட்டில் அமைந்தவை. உளவியலாளர் டார்சியா நார்வேஸ் முதலானோர் 1999-இல் வெளியிட்ட ஆய்வில், மூன்றாம் வகுப்புப் பிள்ளைகள்கூடக் கதையின் நீதிக் கருத்தை, எழுதியவர் எண்ணியபடி பிரித்தெடுப்பதில் பெரியவர்களைவிட மிகவும் பின்தங்கியிருந்தனர். அவர்களைவிடச் சிறியவர்களிடம் இந்தக் கேள்வியைக் கேட்டால், பெரியவர் எதை எதிர்பார்க்கிறார் என்று முகத்தைப் பார்த்து ஊகிக்கவே அவர்கள் கற்றுக்கொள்வார்கள். கயலின் நூலுக்கு மட்டும் விதிவிலக்காக, “கயல் ஏன் கையை இறக்கினாள்?”, “பாட்டி என்ன சொல்வார் என்று கயல் நினைத்திருப்பாள்?” என்ற இரண்டு கேள்விகள் இருக்கின்றன. குழந்தைகள் இவற்றுக்கு நெடுநேரம் பதில் சொல்கிறார்கள். ஒருவர் பதிலை இன்னொருவர் மறுக்கிறார்கள். எல்லா நூல்களுக்கும் இவ்வகைக் கேள்விகளே வேண்டும். ஏதாவது ஒரு பக்கத்தில் நிறுத்தி, அந்தப் பிள்ளையின் மனத்தில் என்ன ஓடுகிறது என்று கேட்டால் போதும்.

கட்டமைப்பில் குறை சொல்ல அதிகம் இல்லை. எழுத்துரு பெரியது, சொற்களுக்கிடையே தாராளமான இடைவெளி, தாள் பளபளப்பில்லாததால் விளக்கொளியில் கண் கூசுவதில்லை. கம்பித் தையல் மட்டும் நடுப்பக்கத்தில் விரைவில் தளர்ந்துவிடுகிறது, எனவே வகுப்பறைக்கு வாங்குபவர்கள் முதுகில் ஒட்டுநாடா போட்டு வைக்க வேண்டியிருக்கும்.

நிலைகளைத் தனித்தனியாகவும் விற்கிறார்கள் என்பதால் முழுத் தொகுப்பையும் எடுக்க வேண்டிய கட்டாயம் இல்லை. அகர ஆகார வரிசையில் நிற்கும் பிள்ளைக்கு முதல் நிலையை வாசிப்புப் பயிற்சிக்காக மட்டும் வாங்கலாம். கட்டங்களின் மேல் வெள்ளைத் தாளை ஒட்டி, அங்கே குழந்தையையே ஒரு படம் வரையச் சொல்லலாம். கொம்புகளைக் கடந்துவிட்ட பிள்ளைக்கு இரண்டாம் நிலையைத் தயங்காமல் வாங்கி, கயலின் நூலை முதலில் கொடுங்கள். மூன்றாம் நிலையில் ஊஞ்சல் நூலை மட்டும் நூலகத்தில் கிடைத்தால் எடுத்துக்கொள்ளுங்கள்.